தவணை ஏறவே இல்லை, வருடம்தான் ஏறியது: எங்கள் வீட்டுக் கடன் விமர்சனம்

திருப்பூரில் ஒரு வீட்டுக் கடன் நிறுவனத்தில் நாங்கள் வாங்கிய கடனைப் பற்றி எழுதுகிறேன். பெயர் போடவில்லை. அந்தக் கிளையில் இருந்த பிள்ளைகள் யாரும் கெட்டவர்கள் இல்லை. போனால் டீ வாங்கிக் கொடுப்பார்கள், வாய் நிறைய ‘அக்கா’ என்பார்கள். டீக்கும் அக்காவுக்கும் ஐந்துக்கு நான்கு மதிப்பெண். மற்றதைப் படித்துவிட்டு நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்.

நான் ஒரு பனியன் கம்பெனியில் கணக்கு எழுதுகிறேன். என் வீட்டுக்காரர் கட்டிங் மாஸ்டர். அவிநாசியில் இருந்து சேவூர் போகிற ரோட்டில் மூன்றரை சென்ட் இடம் இருந்தது. நகையும் இரண்டு சீட்டும் போட்டு வாங்கியது. 2020 நடுவில், ஊரே பூட்டிக்கிடந்த நேரத்தில், வீடு கட்ட 20 லட்சம் கடன் கேட்டு அலைந்தோம். முதலில் போன வங்கியில் அவருடைய மூன்று வருட வருமான வரிக் கணக்கைக் கேட்டார்கள். சனிக்கிழமை சனிக்கிழமை கவரில் சம்பளம் வாங்குகிறவருக்கு வரிக் கணக்கு ஏது? இந்த நிறுவனம்தான் என் சம்பளச் சீட்டையும் அவர் கம்பெனியில் கொடுத்த கடிதத்தையும் வைத்தே கடன் கொடுத்தது. அந்த நன்றி எனக்கு இன்னும் உண்டு.

வட்டி ஏழரை சதவீதம். ஏழரை என்று கேட்டதுமே எங்கள் அத்தை முகம் சுருங்கிவிட்டது, “வேற நம்பரே கெடைக்கலயா?” என்றார். மாமா தறிக்குடோனில் நாற்பது வருடம் இருந்தவர், இரண்டு வட்டி மூன்று வட்டிக்கெல்லாம் வாங்கிக் கட்டியவர். அவர் விரல்விட்டு ஒரு கணக்குப் போட்டார். நூற்றுக்கு மாதம் அறுபத்திரண்டரை பைசா வட்டி. “பைசா வட்டிக்கு எவன் அம்மணி குடுப்பான், வாங்கிப்போடு” என்றார். இருபது வருடம், மாதம் 16,112 ரூபாய். வாடகை 7,000 மிச்சமாகும், மீதியை ஓவர்டைம் பார்த்துக்கொள்ளும். இவ்வளவுதான் நாங்கள் போட்ட கணக்கு.

16,112-ஐ 240-ஆல் பெருக்கினால் 38,66,880 என்று வரும். கணக்கு எழுதுகிற நான் கையெழுத்துப் போடுகிற அன்றைக்கு அதைப் பெருக்கிப் பார்க்கவில்லை. கம்பெனியில் ஒரு பில்லில் 40 ரூபாய் உதைத்தால் இரவு எட்டு மணி வரை உட்கார்ந்து தேடுகிறவள் நான்.

சரி, 20 லட்சம் முழுசாகக் கைக்கு வந்ததா என்றால் அதுவும் இல்லை. கடனுக்குக் காப்பீடு என்று 58,000 ரூபாயை அந்த 20 லட்சத்துக்குள்ளேயே சேர்த்துவிட்டார்கள். போடாவிட்டால் சாங்ஷன் ஆகாது என்றான் அந்தப் பையன். அப்படி ஒரு கட்டாயமே கிடையாது என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது. காப்பீடு வேண்டும்தான், சம்பாதிக்கிறவருக்கு ஒன்று ஆனால் வீடாவது நிற்க வேண்டும். ஆனால் அதை வெளியில் தனியாக வருடா வருடம் கட்டுகிற மாதிரி எடுத்திருக்கலாம். கடனில் சேர்த்ததால் அந்த 58,000-க்கும் இருபது வருட வட்டி. மாதத்துக்கு 467 ரூபாய், மொத்தம் 1,12,000 ரூபாய்.

வீடு கட்டக் கட்டத்தான் பணம் வந்தது. பேஸ்மென்ட் முடிந்தால் ஒரு பங்கு, லிண்டல் மட்டம் வந்தால் ஒரு பங்கு, கான்கிரீட் போட்டால் ஒரு பங்கு. ஒவ்வொரு தடவையும் இன்ஜினியர் வந்து போட்டோ எடுத்துக்கொண்டு போவார். அந்த எட்டு மாதமும் வாங்கின பணத்துக்கு வட்டி மட்டும் கட்டினோம், ஏறக்குறைய 60,000 ரூபாய். அது 240 தவணையில் சேராது. அசலில் ஒரு ரூபாய் குறையாது. அந்தப் பக்கம் வாடகையும் கட்டிக்கொண்டிருந்தோம். வரி மிச்சமாகும் என்று வேறு ஆசை காட்டினார்கள். பழைய வருமான வரி முறையில் வருடம் 2 லட்சம் வரை வட்டியைக் கழிக்கலாம் என்பது உண்மைதான். வரியே கட்டாத வீட்டில் எதில் இருந்து கழிப்பது?

முதல் தவணை 2021 பிப்ரவரியில் போனது. கடைசித் தவணை 2041 ஜனவரி. அன்றைக்கு என் வீட்டுக்காரருக்கு அறுபது வயது நடக்கும். பீரோ கதவின் உள்பக்கம் பென்சிலில் ‘2041 ஜனவரி’ என்று எழுதி வைத்தேன்.

இரண்டு வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினோம். ஐந்தாம் தேதி 16,112 போகும், குறுஞ்செய்தி வரும், அவ்வளவுதான். நடுவில் 2022 மே மாதத்தில் இருந்து ரிசர்வ் வங்கி, தான் வங்கிகளுக்குக் கொடுக்கிற கடனுக்கான ரெப்போ வட்டியை ஏற்ற ஆரம்பித்து, 2023 பிப்ரவரிக்குள் 4 சதவீதத்தில் இருந்து 6.5 சதவீதத்துக்குக் கொண்டுவந்தது. செய்தியில் பார்த்தேன். எங்கள் தவணை ஏறவே இல்லை. நம் கடனுக்கு அது வராது போலிருக்கிறது என்று நானும் அவரும் சந்தோஷப்பட்டதுகூட உண்டு.

2023-இல் அவருக்கு வருமான வரிக் கணக்கு தாக்கல் செய்ய ஆரம்பித்தோம். அதற்காக வட்டிச் சான்றிதழ் வாங்கினேன். ஒரு வருடத்தில் கட்டியது 1,93,344 ரூபாய். அதில் அசலுக்குப் போனது 33,437. கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தேன். அப்புறம் முழு ஸ்டேட்மென்ட்டையும் ஆபீஸ் பிரின்டரில் எடுத்து, சாப்பாட்டு நேரத்தில் ஸ்கேல் வைத்து வரி வரியாகப் பார்த்தேன்.

2023 ஏப்ரல் வரியில் இப்படி இருந்தது. தவணை 16,112. வட்டி 15,152. அசல் 960.

வட்டி ஒன்பதரை சதவீதம் ஆகியிருந்தது. படிப்படியாக ஏற்றியிருந்தார்கள், ஏற்றின ஒவ்வொரு தடவையும் ஆங்கிலத்தில் ஒரு குறுஞ்செய்தி வந்திருக்கிறது. தங்க நகைக் கடன், கிரெடிட் கார்டு விளம்பரங்களுக்கு நடுவில் அது கிடந்தது. படிக்காதது என் தப்பு. ஆனால் கடைசிப் பக்கத்து மூலையில் ‘மீதித் தவணைகள் 358’ என்று இருந்ததை எந்தக் குறுஞ்செய்தியும் சொல்லவில்லை. 26 தவணை கட்டி முடித்தாயிற்று. 240-இல் 26 போனால் 214 இருக்க வேண்டும். 358 இருக்கிறது. 144 மாதம் கூடுதல், சரியாகப் பன்னிரண்டு வருடம். முடிகிற மாதம் 2053 ஜனவரி. அவருக்கு அப்போது 72 வயது.

தயிர் சாதம் அப்படியே இருந்தது. டிபன் பாக்ஸை மூடி வைத்துவிட்டேன்.

சாயங்காலம் மாமாவிடம் சொன்னேன். இப்போது எழுபத்தொன்பது பைசா வட்டி என்றேன். அது அவரை ஒன்றும் செய்யவில்லை. “அசல் எவ்வளவு நிக்குது?” என்றார். 19,13,000 என்றேன். இரண்டு வருடத்தில் நாலு லட்சத்துக்கு மேல் கட்டி, குறைந்தது 86,000. “அப்ப இது வட்டி மட்டும் கட்டற கடன் அம்மணி. எங்க காலத்துல இத வாயத் தொறந்து சொல்லித்தான் குடுப்பாங்க” என்றார். ஊர்க் கடனில் அசல் தலைக்கு மேல் நிற்பது கண்ணுக்குத் தெரியும். இங்கே தவணை என்ற ஒரே கவருக்குள் இரண்டையும் போட்டு ஒட்டிவிடுகிறார்கள்.

இப்படியே விட்டிருந்தால் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் என்று அன்று ராத்திரி பெருக்கிப் பார்த்தேன். ஏறக்குறைய 61 லட்சத்து 80 ஆயிரம். அடுத்த கணக்குதான் என்னைத் தூங்கவிடவில்லை. 2041-லேயே முடிக்க வேண்டுமென்றால் மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? 18,591. கூடுதலாக 2,479 ரூபாய். வட்டி ஏறின அன்றைக்கே யாராவது கேட்டிருந்தால் கட்டியிருப்போம். அந்த 2,479-ஐ எங்களிடம் கேட்காமல் விட்டதற்கு விலை பன்னிரண்டு வருடம், சுமார் 18 லட்சம் ரூபாய்.

அடுத்த நாள் லீவு போட்டுவிட்டு கிளைக்குப் போனேன். டீ வந்தது. “அக்கா, தவணைய ஏத்துனா கஸ்டமர் சண்டைக்கு வர்றாங்க, அதனால சிஸ்டமே மாசத்த நீட்டிக்கும்” என்றான் பையன். அதிலும் நியாயம் இருக்கிறது, மாதக் கடைசியில் 2,000 ரூபாய் கூடப் போனால் திண்டாடுகிற வீடுகள் எங்கள் வீதியிலேயே உண்டு. ஆனால் கேட்க வேண்டும் அல்லவா? எழுதிக் கொடுத்ததும் ஜூன் மாதத்தில் இருந்து 18,591 ஆக்கிவிட்டார்கள். அதற்குக் கட்டணம் எதுவும் இல்லை.

அதே வருடம் ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கியே இதற்கு ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டி ஏறும்போது தவணையை ஏற்றவா, காலத்தை நீட்டவா, இரண்டிலும் கொஞ்சம் கொஞ்சம் செய்யவா என்று கடன் வாங்கினவரிடம் கேட்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை இதுவரை போன அசல், வட்டி, மீதித் தவணை, வட்டி வீதம் எல்லாம் போட்டு ஸ்டேட்மென்ட் தர வேண்டும். 2024 அக்டோபர் 1-இல் இருந்து புதிதாகக் கடன் வாங்குகிறவர்களுக்கு எல்லாக் கட்டணத்தையும் சேர்த்து வருட வட்டி எவ்வளவு ஆகிறது என்று ஒரே தாளில் எழுதித் தர வேண்டும் என்றும் தனியாக ஒரு விதி இருக்கிறது. நீங்கள் இப்போது வாங்கப் போகிறீர்கள் என்றால் கையெழுத்துக்கு முன்னால் அந்தத் தாளைக் கேளுங்கள். எங்களுக்கு அது கிடைத்திருந்தால் அந்த 58,000 அங்கேயே கண்ணில் பட்டிருக்கும்.

2024 பிப்ரவரியில் கடனை ஒரு அரசு வங்கிக்கு மாற்றினோம். அதற்குள் அவர் வரிக் கணக்குகள் கையில் இருந்தன. அங்கே எட்டரை சதவீதம். ஒரு சதவீதத்துக்காக இவ்வளவு அலைச்சலா என்று என் தங்கை கேட்டாள். 18 லட்சத்து 83 ஆயிரத்தில் ஒரு சதவீதம் என்பது முதல் வருடமே 18,800 ரூபாய். அதைவிட முக்கியம், வங்கிகள் கொடுக்கிற இந்த மாதிரி மாறும் வட்டிக் கடன் 2019 அக்டோபரில் இருந்து ரெப்போ போல வெளியில் இருக்கிற ஒரு வட்டியோடு கட்டப்பட்டிருக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒரு தடவையாவது திருத்த வேண்டும். வீட்டுக் கடன் நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் தங்கள் அடிப்படை வட்டியைத் தாங்களே வைத்துக்கொள்வார்கள். ஏறும்போது லிஃப்ட், இறங்கும்போது படிக்கட்டு.

மாற்றுவதற்குச் செலவு உண்டு. பழைய கடனை முடிக்க அபராதம் கிடையாது, தனி ஆள் வாங்கின மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு அப்படி வாங்கக் கூடாது. ஆனால் புது வங்கிக்குப் பத்திரம் ஒப்படைக்கிற எம்.ஓ.டி. என்ற ஆவணத்தை மறுபடி பதிய வேண்டும். அதற்கு முத்திரைத் தீர்வை அரை சதவீதம், 9,400 சொச்சம். பதிவுக் கட்டணம், வக்கீல் ஒப்பீனியன், மதிப்பீட்டாளர், பழைய எம்.ஓ.டி. முடிந்தது என்று ரசீது போடுவது எல்லாம் சேர்த்து எங்களுக்கு 28,000 ஆனது. ஒன்றரை வருடத்தில் அது ஈடாகிவிட்டது. அந்த ரசீதை மறந்துவிடாதீர்கள். கடன் முடிந்தாலும் சார்பதிவாளர் ஆபீஸில் ரசீது பதியவில்லை என்றால் வில்லங்கத்தில் கடன் அப்படியே நிற்கும்.

கடனை முடித்த பிறகு 30 நாளுக்குள் பத்திரம் தர வேண்டும், கடன் கொடுத்தவர்கள் தப்பால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023 டிசம்பரில் இருந்து விதி. பழைய நிறுவனம் 27-ஆவது நாள் கொடுத்தது. ஒரு தாள் குறையவில்லை. அதற்கு முழு மதிப்பெண்.

புது வங்கியிலும் 18,591-ஐயே கட்டுவதாகச் சொல்லிவிட்டேன். முடிகிற மாதம் 2039-க்கு வந்தது. 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் நடுவில் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது, எங்கள் வட்டி மறுபடி ஏழரை ஆனது. தவணையைக் குறைக்கட்டுமா என்று வங்கியில் கேட்டார்கள். வேண்டாம், மாதத்தைக் குறையுங்கள் என்றேன். 2037 நவம்பர். அந்த வருடம் தீபாவளிக்கு இரண்டு பேர் போனஸிலும் மிச்சம் பிடித்து 50,000 ரூபாயை அசலில் கட்டினோம். அதற்கு மட்டும் ஆறரை மாதம் குறைந்தது. அதாவது 50,000 போட்டதில் 1,20,000 ரூபாய்த் தவணை இல்லாமல் போனது. எந்தச் சீட்டில் இப்படித் தள்ளி வருகிறது, சொல்லுங்கள்.

எட்டரையில் இருந்து ஏழரைக்கு வந்துவிட்டோம் என்று அத்தையிடம் சொன்னேன். “மறுபடியும் ஏழரையா?” என்றார்.

பீரோ கதவில் இப்போது ஐந்து தேதி இருக்கிறது. 2041, 2053, 2039, 2037 நவம்பர் எல்லாம் அடித்து, கடைசியாக 2037 மே. மகள் பார்த்துவிட்டு இது என்ன பரீட்சை டைம்டேபிளா என்று கேட்டாள். இந்த தீபாவளிக்கு போனஸ் எத்தனை சதவீதம் என்று கம்பெனியில் இன்னும் பேசி முடியவில்லை. பென்சிலைச் சீவி அங்கேயே வைத்திருக்கிறேன்.