புளோரன்ஸில் ‘டேவிட் வாக்கிங் டூர்’ புக் செய்யப் போகிறீர்களா? பணம் கட்டும் முன் படியுங்கள்

“டேவிட், டுவோமோ, மறுமலர்ச்சிக் கால புளோரன்ஸ் – வரிசையில் நிற்க வேண்டாம்!” இப்படியொரு தலைப்பில் இத்தாலியின் புளோரன்ஸ் நகரை நடந்து சுற்றிக் காட்டும் டூர் எதையாவது புக் செய்யும் எண்ணத்தில் இருந்தால் கொஞ்சம் பொறுங்கள். தலைக்கு 59 யூரோ வீதம் எனக்கும் கணவருக்கும் அப்பாவுக்குமாக 177 யூரோ கட்டினோம். இரண்டரை மணி நேரம் நடத்திக் கூட்டிப் போனார்கள். அதில் நாங்கள் உள்ளே நுழைந்த ஒரே கட்டடம் ஒரு தோல் கடை.

கம்பெனி பெயரை எழுதவில்லை. பெயரைச் சொன்னால் அந்த ஒன்றை மட்டும் தவிர்த்துவிட்டு, அதே சரக்கை வேறு பெயரில் வாங்கிவிடுவீர்கள். அதனால் இந்த மாதிரி டூர்களை எப்படி அடையாளம் காண்பது என்பதைத்தான் சொல்லப் போகிறேன்.

முதல் அடையாளம், கிழமை. எங்களுக்குக் கிடைத்தது திங்கட்கிழமை. மறுமலர்ச்சிக் காலச் சிற்பி மைக்கேலாஞ்சலோவின் அசல் டேவிட் சிலை இருப்பது அக்காதெமியா கேலரியில். அந்த கேலரிக்கும் உஃபிட்ஸி அருங்காட்சியகத்துக்கும் திங்கட்கிழமை விடுமுறை. அப்படியிருக்க, டேவிட் பெயரைத் தலைப்பில் வைத்து திங்கட்கிழமைக்கும் டிக்கெட் விற்கிறார்கள் என்றால் என்ன அர்த்தம்? அசலுக்கும் அந்த டூருக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை என்றுதானே. விளம்பரத்தில் போட்டிருந்த படம் மட்டும் அக்காதெமியாவுக்குள் எடுத்தது. பின்னால் இருக்கும் கண்ணாடிக் கூரையும் வளைவும் அப்படியே தெரிகின்றன.

எங்களைக் கூட்டிப் போய் நிறுத்திய இடம் பியாட்ஸா டெல்லா சின்யோரியா சதுக்கம். அங்கே பலாட்ஸோ வெக்கியோ என்ற பழைய நகர மன்றக் கட்டடத்தின் வாசலில் ஒரு டேவிட் நிற்கிறார். கூட்டிப் போன பையன் அதைக் காட்டி, “இதோ, மைக்கேலாஞ்சலோவின் டேவிட்!” என்று கையை விரித்தான். எல்லோரும் போனைத் தூக்கினார்கள். அப்பா ஓவிய ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். மெதுவாக என் காதருகே வந்து, “ஏம்மா, இது காப்பிதானே? ஒரிஜினல் மியூசியத்துலல்ல இருக்கு?” என்றார்.

அவர் சொன்னது சரி. 1504இல் அசல் சிலையை இதே வாசலில்தான் நிறுத்தினார்கள். வெயிலிலும் மழையிலும் கெடுகிறது என்று 1873இல் அக்காதெமியாவுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். இப்போது வாசலில் நிற்பது 1910இல் வைத்த நகல். நான் அந்தப் பையனிடம் கேட்டேன். “ஆமாம் மேடம், ஆனால் பார்க்க ஒரே மாதிரிதான் இருக்கும்” என்றான். அசல் அங்கிருந்து கால்மணி நேர நடைகூட இல்லை. எங்கள் குழுவில் இருந்த மற்றவர்களில் எத்தனை பேர் இதை அசல் என்று நினைத்துக்கொண்டு ஊர் திரும்பினார்களோ.

குழு என்றேன் இல்லையா, அதையும் சொல்ல வேண்டும். ‘சிறிய குழு’ என்று போட்டிருந்தார்கள். எண்ணிப் பார்த்தேன், 34 பேர். ஆளுக்கு ஒரு காதுக்கருவி கொடுத்தார்கள். பையன் ஒரு தெரு முனை திரும்பினால் போதும், கரகர சத்தம்தான். அப்பா மெதுவாக நடப்பவர் என்பதால் பாதி விளக்கம் அவர் காதில் விழவே இல்லை. விழுந்த பாதியும் விழாமலே இருந்திருக்கலாம்.

ஏனென்றால், டுவோமோ பேராலயத்தின் முன் நின்று, அதன் பெரிய குவிமாடத்தை மைக்கேலாஞ்சலோ கட்டினார் என்று அவன் சொன்னான். கட்டியவர் புருனெல்லெஸ்கி. 1420இல் ஆரம்பித்து 1436இல் மூடிய குவிமாடம் அது. மைக்கேலாஞ்சலோ பிறந்ததே 1475இல்! வெள்ளையும் பச்சையும் இளஞ்சிவப்புமாகப் பளிங்கு பதித்த முகப்பைக் காட்டி, “600 வருடப் பழமை” என்றான். அந்த முகப்பு 19ஆம் நூற்றாண்டு வேலை, முடிந்தது 1887இல். அதுவரை பேராலயத்தின் முன்பக்கம் பல நூறு வருடம் முடிவடையாமலே கிடந்தது. உண்மையில் அதுதான் சுவாரசியமான கதை. அது அவனுக்குத் தெரியவில்லை.

சரி, உள்ளே போகலாமா என்றால், “இந்த டூரில் வெளியிலிருந்துதான்” என்றான். பேராலயத்துக்குள் நுழைய டிக்கெட்டே கிடையாது, இலவசம். வரிசை மட்டும் நீளமாக இருக்கும். ‘வரிசையில் நிற்க வேண்டாம்’ என்ற வாக்கை இப்படித்தான் காப்பாற்றினார்கள். உள்ளே போனால்தானே வரிசையில் நிற்பதற்கு! அப்பா அண்ணாந்து குவிமாடத்தைப் பார்த்துவிட்டு, “கோபுர தரிசனம் கோடி புண்ணியம்னு நெனச்சுக்க வேண்டியதுதான்” என்றார்.

எதிரில் இருக்கும் ஞானஸ்நான ஆலயத்தின் ‘சொர்க்க வாசல்’ கதவுகளுக்கும் இதே கதைதான். சிற்பி கிபெர்ட்டி 1425 முதல் 1452 வரை உழைத்துச் செய்த அந்தப் பொன்முலாம் பூசிய வெண்கலக் கதவுகளின் அசல், பேராலயத்துக்குப் பின்னால் இருக்கும் டுவோமோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. வெளியே மாட்டியிருப்பது நகல். அதைப் பற்றியும் மூச்சு விடவில்லை. நகலைக் காட்டுவதில் தப்பே இல்லை. நகல் என்று சொல்லாமல் காட்டி அதற்குக் காசு வாங்குவதுதான் தப்பு.

அப்புறம் சாந்தா குரோச்சே தேவாலயம். மைக்கேலாஞ்சலோ, கலிலியோ, மக்கியவெல்லி மூவரின் சமாதியும் உள்ளே இருக்கிறது. நாங்கள் பார்த்தது வாசற்படியை. அங்கே ஐந்து நிமிடம்கூட நிற்கவில்லை. “புளோரன்ஸின் பாரம்பரியத் தோல் பட்டறையைப் பார்க்கலாம்” என்று பக்கத்துச் சந்தில் திரும்பினான். பட்டறை என்பது கடையின் மூலையில் போட்டிருந்த ஒரு மேசை. கடைக்காரர் லைட்டரைக் கொளுத்தி ஒரு ஜாக்கெட்டின் மேல் காட்டி, கருகவில்லை பாருங்கள் என்றார். கைப்பையின் ஓரத்தைத் தேய்த்து மோந்து பார்க்கச் சொன்னார். 480 யூரோ விலைச்சீட்டு போட்ட ஜாக்கெட்டை, “உங்கள் குழுவுக்கு மட்டும்” 290க்குத் தருவதாகச் சொன்னார். இரண்டரை மணி நேரத்தில் முக்கால் மணி நேரம் அங்கேயே போனது. வெளியே வந்து நிற்கலாம் என்றால், “எல்லோரும் சேர்ந்துதான் கிளம்ப வேண்டும்” என்று உட்கார வைத்துவிட்டான். கடையின் கல்லாவில் அவன் ஒரு சீட்டில் கையெழுத்துப் போட்டதை என் கணவர் பார்த்தார். கமிஷன் கணக்காகத்தான் இருக்க வேண்டும்.

கடைசியாக நின்றது பொன்டே வெக்கியோ பாலம். 1345இல் கட்டிய பாலம் அது. 1944இல் பின்வாங்கிய ஜெர்மன் படை இந்த ஊரின் மற்ற பாலங்களையெல்லாம் தகர்த்தபோது இதை மட்டும் விட்டுவைத்தது. முன்பு கறிக்கடைகள் இருந்த இடத்தில், 1593இல் அவற்றைக் கிளப்பிவிட்டு நகைக் கடைகளைக் கொண்டுவந்தார் ஆட்சியாளர் முதலாம் ஃபெர்தினாந்தோ. இதெல்லாம் நான் பிறகு படித்துத் தெரிந்துகொண்டது. பாலத்தில் அவன் சொன்னது, டிப்ஸ் எவ்வளவு கொடுத்தாலும் சந்தோஷம் என்பது மட்டும்தான்.

உரிம அட்டையைக் காட்டச் சொன்னேன். இத்தாலியில் ஒரு நினைவுச் சின்னத்தைக் காட்டி விளக்கம் சொல்லும் வேலைக்கு உரிமம் வேண்டும். 2023 டிசம்பரில் வந்த சட்டத்தின்படி சுற்றுலா அமைச்சகத்தின் கீழ் வழிகாட்டிகளுக்குத் தேசியப் பதிவேடும் உண்டு. உரிமம் உள்ள கைடு போட்டோ ஒட்டிய அட்டையை வைத்திருப்பார். இவன் கழுத்தில் தொங்கியது கம்பெனி லோகோ மட்டும் உள்ள அட்டை. கேட்டதும் முகம் மாறிவிட்டது. “நான் கைடு இல்லை, ஹோஸ்ட்” என்றான். ஹோஸ்ட் என்றால் கூட வந்து வழி காட்டிப் போகலாம், விளக்கம்தான் சொல்லக் கூடாது. அவன் சொன்ன விளக்கத்தின் தரத்தைப் பார்த்தால், சொல்லவில்லை என்றே வாதாடலாம்.

அந்தப் பையன் மேல் எனக்குப் பெரிய கோபமில்லை. படிக்க வந்த இடத்தில் மணிக்கணக்குக் கூலிக்கு வேலை செய்பவன் மாதிரி தெரிந்தான். கோபம் அவனை அனுப்பியவர்கள் மேல்தான்.

புக் செய்த தளத்தில் அன்று மாலையே புகார் போட்டேன். கம்பெனியின் பதில்: விவரப் பக்கத்தில் ‘டேவிட் சிலை – சதுக்கத்தில் பார்வை’, ‘டுவோமோ – வெளியிலிருந்து’ என்று தெளிவாக இருக்கிறதாம். போய்ப் பார்த்தேன். இருக்கிறது. மூன்று முறை ‘மேலும்’ பொத்தானை அமுக்கினால் வரும் சின்ன எழுத்தில். தளத்துக்காரர்கள் பணத்தைத் திருப்பித் தரவில்லை, அடுத்த டூருக்கு 20 சதவீதக் கூப்பன் அனுப்பினார்கள். பக்கத்தில் 4.7 நட்சத்திரம் வேறு மின்னிக்கொண்டிருந்தது. விமர்சனங்களை ஒவ்வொன்றாகப் படித்தால் பாதிக்கு மேல் அதே கம்பெனி நடத்தும் பாஸ்தா சமையல் வகுப்பைப் பற்றியது. எல்லாவற்றையும் ஒரே பக்கத்தில் சேர்த்துவிட்டிருக்கிறார்கள். ஆகவே நட்சத்திரத்தைப் பார்க்காதீர்கள். ஒன்றும் இரண்டும் நட்சத்திரம் கொடுத்தவர்கள் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று மட்டும் படியுங்கள். ‘நகல்’, ‘தோல் கடை’, ‘வெளியே’ என்ற மூன்றும் அங்கே மாறி மாறி வருகின்றன.

மறுநாள் நாங்களே போனோம். அக்காதெமியாவுக்கு அதிகாரபூர்வத் தளத்தில் நேரம் குறித்து டிக்கெட் எடுத்தோம். நாங்கள் போனபோது 16 யூரோவும் முன்பதிவுக்கு 4 யூரோவும். ‘வரிசை இல்லை’ என்று இடைத்தரகர்கள் விற்பது பெரும்பாலும் இந்த முன்பதிவைத்தான். பாதுகாப்புச் சோதனை வரிசையில் எல்லோரும் நின்றுதான் ஆக வேண்டும். உள்ளே நீளமான கூடத்தின் இரு பக்கமும் மைக்கேலாஞ்சலோ முடிக்காமல் விட்ட கைதிகள் சிலைகள், கல்லை உதறிக்கொண்டு எழ முயல்வது போல. கூடத்தின் கடைசியில் டேவிட், 5.17 மீட்டர் உயரம். வலது கையின் புறங்கையில் நரம்பு புடைத்திருப்பதை அப்பா எவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டு நின்றார் என்று கணக்கில்லை.

டுவோமோ அருங்காட்சியகத்தைக் கண்டிப்பாக விட்டுவிடாதீர்கள். கூட்டமும் குறைவு. அசல் சொர்க்க வாசல் அங்கே கண்ணாடிக்குப் பின்னால் நிற்கிறது. பத்துப் பலகைகள். 1966 வெள்ளத்தில் அவற்றில் ஐந்து பிய்ந்து விழுந்தன. கதவின் சட்டத்தில் சுண்டைக்காய் அளவு தலைகள் வரிசையாக எட்டிப் பார்க்கும். அதில் ஒரு வழுக்கைத் தலை கிபெர்ட்டியே தன்னை வார்த்து வைத்துக்கொண்டது. குவிமாடத்தில் ஏற வேண்டுமானால் 463 படி, லிஃப்ட் கிடையாது, நாளும் நேரமும் முன்கூட்டியே பதிவு செய்ய வேண்டும். குவிமாடம், மணிக்கூண்டு, ஞானஸ்நான ஆலயம், அருங்காட்சியகம் எல்லாம் சேர்த்து மூன்று நாள் செல்லும் பாஸ் 30 யூரோ. அந்த டூர் வாங்கியதில் ஏறக்குறைய பாதி.

சின்யோரியா சதுக்கத்துக்கு யாருக்கும் காசு கொடுக்க வேண்டாம். லோஜ்ஜா டெய் லான்ஸி மண்டபத்தில் சிற்பி செல்லினி செய்த பெர்சியஸ் சிலை திறந்தவெளியில், இலவசமாக நிற்கிறது, அதுவும் அசல். நெப்டியூன் நீரூற்றுக்குப் பக்கத்தில் தரையைப் பார்த்து நடந்தால் ஒரு வட்டக் கல் தெரியும். துறவி சவனரோலாவை 1498 மே 23 அன்று எரித்த இடம் அது. எங்கள் ஹோஸ்ட் அதன் மேலேயே நின்றுகொண்டுதான் பேசினான்.

கைடு கட்டாயம் வேண்டும் என்பவர்கள் உரிமம் பெற்றவரையே நேரடியாக அமர்த்துங்கள். எந்தெந்தக் கட்டடத்துக்குள் போகிறோம், டிக்கெட் யார் எடுப்பது, குழுவில் எத்தனை பேர், கடைக்குப் போவது உண்டா என்று நான்கு கேள்வியை முன்னதாகவே எழுத்தில் கேளுங்கள். நேரான பதில் வராவிட்டால் விட்டுவிடுங்கள்.

எங்கள் 177 யூரோவுக்காக வங்கியில் கார்டு பரிவர்த்தனைத் தகராறு பதிவு செய்திருக்கிறோம். அக்காதெமியாவுக்குள் எடுத்த படத்துடன் இருக்கும் அந்த விளம்பரப் பக்கத்தின் ஸ்கிரீன்ஷாட்டையும், டூர் நடந்தது திங்கட்கிழமை என்பதைக் காட்டும் ரசீதையும் இணைத்திருக்கிறேன். வங்கியிலிருந்து இன்னும் பதில் வரவில்லை.