நீவ் 1073-ஆ, ஏபிஐ 312-ஆ?

ரெண்டுமே ரெக்கார்டிங் ஸ்டுடியோவோட பெரிய கன்சோலுக்குள்ள (மிக்சிங் மேஜை) ஒரு சேனலா கிடந்த சாமான்தான், கன்சோலுக்கு வயசானதும் கழட்டி வித்தாங்க, வாங்கினவங்க பவர் சப்ளை கட்டி ரேக்ல போட்டு மைக் பிரீஆம்ப்பா (மைக்கோட சின்ன சிக்னலைப் பெருசாக்குறது) ஓட்ட ஆரம்பிச்சாங்க. நீவ் இங்கிலாந்து, ரூபர்ட் நீவ் 1970ல போட்டது. ஏபிஐ அமெரிக்கா, சால் வாக்கரோட 2520 ஆப்ஆம்ப்தான் (சிக்னலைப் பெருக்குற குட்டி சர்க்யூட்) அதுக்கு உசுரு.

நீவ்னா வார்ம், ஏபிஐனா பன்ச்னு சொல்லிட்டுப் போயிடுவாங்க. ஏன் அப்படி கேக்குதுனு பாத்தா விஷயம் பெரும்பாலும் கடைசி ஸ்டேஜ்ல இருக்கு. 1073ல அங்க நிக்கிறது ஒத்தை 2என்3055 ட்ரான்சிஸ்டர், கிளாஸ் ஏ, ஆள் பாடினாலும் பாடாட்டியும் கரண்ட் ஓடிட்டே இருக்கும், அந்த டிசி (ஒரே திசையில ஓடுற கரண்ட்) அவுட்புட் ட்ரான்ஸ்ஃபார்மர் வழியாவே போறதால அதோட இரும்புக் கோர் திணறாம இருக்க நடுவுல சின்ன இடைவெளி விட்டிருப்பாங்க, ட்ரான்ஸ்ஃபார்மரும் கனமா இருக்கும். சிக்னலை ஏத்துற சிவப்பு கெயின் நாப் ஒரு கிளிக்குக்கு 5 டெசிபல், ரெண்டு கிளிக் கூட ஏத்திட்டு அவுட்புட்ட குறைச்சுப் பாருங்க, ஒல்லிக் குரலுக்குக் கூட கொஞ்சம் சதை போட்ட மாதிரி ஆயிடும்.

312ல அந்த வேலையே இல்ல. 2520 எபாக்ஸி ஊத்தி மூடின குட்டிக் கட்டி, புஷ்-புல் (ட்ரான்சிஸ்டருங்க ஜோடியா மாறி மாறி வேலை செய்யும்), ட்ரான்ஸ்ஃபார்மருக்குள்ள டிசி போகாது, ஸ்னேர் டிரம் அடி சட்டுனு முன்னாடி வந்து நிக்கும். ஆனா கெயின் ஆரம்பமே அதிகம், கிட்ட வச்ச டிரம் மைக்குக்கு பேட் (சிக்னலைக் குறைக்கிற ஸ்விட்ச்) இல்லாம ஓட்டாதீங்க.

வீட்ல சால்டரிங் அயர்ன் புடிக்கிறவங்களுக்கு என் ஓட்டு 312க்குத்தான். பார்ட்ஸ் கம்மி, ±16 வோல்ட், 500 சீரிஸ் ரேக்லயும் (சின்ன மாட்யூல்களைச் சொருகுற பெட்டி) அதே ±16தான் வருதுங்கிறதால தனி சப்ளை வேணாம், பேன்டம் (மைக்குக்குப் போற பவர்), பேட், கெயின் திருகு மட்டும் நாம சேத்துக்கணும். 1073 கேக்குறது 24 வோல்ட், தவிர நல்ல ட்ரான்ஸ்ஃபார்மருக்கே பாதி பட்ஜெட் போயிடும், அதுல கஞ்சத்தனம் பண்ணினா மிச்சம் இருக்கிறது பேர் மட்டும்தான். பாடுற குரலை மட்டும் ரெக்கார்ட் பண்றவர்னா மறுபேச்சு இல்லாம 1073.

பழைய ஒரிஜினல் கிடைச்சா எலக்ட்ரோலைட்டிக் கெப்பாசிட்டர் மாத்தியாச்சானு முதல்ல கேளுங்க. "கை வைக்கல சார், அப்படியே விண்டேஜ் சவுண்டு"னு விக்கிறவர் பெருமையா சொன்னா, நீங்க கேக்கப் போறது 50 வருஷமா காஞ்ச கெப்பாசிட்டர் சவுண்டு.