மார்ட்டின் பால்சமா, ஜாக் வார்டனா?

பழைய அமெரிக்கப் படங்களின் துணை நடிகர் ஒருவரைப் பிடித்துக்கொண்டு அவர் படங்களை வரிசையாகப் பார்க்கலாம் என்று உட்கார்ந்தபோது, என் பட்டியலில் கடைசியாக நின்றவை இந்த இரண்டு பெயர்கள்தான். நான் எடுத்தது பால்சம். யாராவது இப்போது கேட்டாலும் அவரைத்தான் சொல்வேன்.

இருவரையும் ஒப்பிடுவது சுலபம். பால்சம் 1919இல் நியூயார்க்கில் பிறந்தவர், வார்டன் 1920இல் நியூவார்க்கில். 1957இல் '12 ஆங்ரி மென்' படத்தில் ஒரு கொலை வழக்கின் ஜூரிகளாக ஒரே மேசையில் உட்கார்ந்தார்கள். 1976இல் 'ஆல் த பிரெசிடென்ட்ஸ் மென்' படத்தில் இருவருமே 'வாஷிங்டன் போஸ்ட்' நாளிதழின் ஆசிரியர்கள். பால்சமுக்கு 'எ தவுசண்ட் க்ளவுன்ஸ்' படத்துக்காக ஆஸ்கர் கிடைத்தது. வார்டன் இரண்டு முறை பரிந்துரையோடு நின்றுவிட்டார். சரி, விருதை வைத்து நான் முடிவெடுக்கவில்லை.

முடிவெடுக்க வைத்தது ஒரே விஷயம்: எதிரில் இருப்பவர் பேசும்போது இவர் என்ன செய்கிறார்? துணை நடிகரின் வேலையில் பாதி அதுதான். ஒரு படத்தை மூன்றாவது தடவை பார்க்கும்போது கதை தெரிந்துவிடுகிறது, வசனம் தெரிந்துவிடுகிறது, அப்புறம் கண் போவது கேட்டுக்கொண்டிருப்பவர் முகத்துக்குத்தான், அங்கே பால்சம் ஒருபோதும் சும்மா இருப்பதில்லை. 'சைக்கோ'வில் துப்பறிவாளராக வந்து விடுதி வரவேற்பறையில் அதை நடத்தும் இளைஞன் நார்மனை விசாரிக்கும் காட்சியைப் பாருங்கள். இரண்டு வாரமாக யாருமே வரவில்லை என்று சொன்ன பையன், கொஞ்ச நேரத்தில் போன வாரம் ஒரு தம்பதி வந்ததாக உளறுகிறான். பால்சம் குரலை உயர்த்துவதே இல்லை. அதே சிநேகமான தொனியில் அந்த முரண்பாட்டை எடுத்து அவன் முன்னால் வைத்துவிட்டு, பதிவேட்டைப் பார்க்கக் கேட்கிறார். மிரட்டியிருந்தால் அந்தக் காட்சியில் பாதி பயம்கூட வந்திருக்காது.

'12 ஆங்ரி மென்'னிலும் அப்படித்தான். ஜூரித் தலைவராக வரும் அவரை ஒருவர் சிறுபிள்ளை என்று சொன்னதும் சட்டென்று முகம் சுருங்கி, நீயே வந்து நடத்து என்று நாற்காலியை விட்டுத்தர எழுகிறார். மழை பிடித்ததும் ஜன்னலோரம் நின்று, தான் பயிற்சி தரும் பள்ளி அமெரிக்கக் கால்பந்து அணி மழையால் தடுமாறிய கதையைச் சொல்கிறார். இரண்டுமே சின்னத் துண்டுகள், ஆனால் அந்த மனிதர் யாரென்று முழுசாகத் தெரிந்துவிடுகிறது.

வார்டன் அந்தப் படத்தில் பேஸ்பால் டிக்கெட்டோடு அவசரப்படுபவர். மின்விசிறியை நோக்கிக் காகித உருண்டை வீசும் அந்தத் துடிப்பு யாருக்கும் வராது. முதல் தடவை பார்க்கும்போது பால்சமைவிட அவர்தான் கண்ணில் படுவார். 'த வெர்டிக்ட்'டில் பால் நியூமனுக்குத் துணை நிற்கும் வயதான வக்கீலாக வரும்போது மட்டும் அந்த வேகத்தையெல்லாம் அடக்கி, பால்சமுக்கு மிக அருகில் வந்துவிடுகிறார். தொலைக்காட்சியில் அவர் செய்ததில் நான் பார்த்தது கொஞ்சம்தான், அதனால் அந்தப் பக்கம் தீர்ப்பு சொல்லமாட்டேன். பால்சமின் இத்தாலியப் படங்களுக்கும் அதே பதில்தான்.

பால்சமில் தொடங்குவதானால் முதலில் '12 ஆங்ரி மென்', அடுத்து 'சைக்கோ', பிறகு 'எ தவுசண்ட் க்ளவுன்ஸ்'. அதன்பின் 1974இல் வந்த 'த டேக்கிங் ஆஃப் பெல்ஹாம் ஒன் டூ த்ரீ': அதில் அவர் வேலையிழந்த ரயில் ஓட்டுநர், படம் முழுக்கத் தும்முவார், அந்தத் தும்மலைக் கவனித்துக்கொண்டே பாருங்கள்.