கேம்பாய் அட்வான்ஸ் ஆட எது வாகு: பிஎஸ்பியா, வைட்டாவா, 3டிஎஸ்ஸா?

கன்னியாகுமரி மாவட்டத்தில் வளைகுடாவுக்கு ஆள் போகாத தெரு குறைவு. அதனால்தான் கருங்கல், குளச்சல், மார்த்தாண்டம் பக்கத்து வீட்டு அலமாரிகளில் சோனியின் கையடக்கக் கேம் கருவியான பிஎஸ்பி இன்றும் கிடக்கிறது. துபாயிலிருந்தும் மஸ்கட்டிலிருந்தும் அப்பா கட்டிக்கொண்டு வந்த பெட்டியில் சோப்பு, டைகர் தைலம், டாங் டப்பா இவற்றுக்கு நடுவே வந்த பொருள் அது. அன்றைக்கு அதை வைத்து ஆடிய பிள்ளைகளுக்கு இப்போது முப்பது வயதாகிறது. அதை மாட் செய்து, அதாவது உள்ளே இருக்கும் மென்பொருளை மாற்றி, பழைய கேம்பாய் கேம்களை ஓட்டலாமா, இல்லை வேறு கருவி வாங்க வேண்டுமா என்று கேட்பவர்களும் பெரும்பாலும் அவர்கள்தான்.

என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நிண்டெண்டோவின் பழைய கைக்கருவிகளான கேம்பாய் அட்வான்ஸ், டிஎஸ் கேம்கள்தான் ஆசை என்றால், அதே நிறுவனத்தின் 3டிஎஸ்ஸில் பெரிய திரை மாடலான 3டிஎஸ் எக்ஸ்எல் வாங்குங்கள். பிஎஸ்பி கேம்களும் முதல் பிளேஸ்டேஷன் கேம்களும் வேண்டுமென்றால், பிஎஸ்பிக்கு அடுத்து சோனி விட்ட வைட்டா. வீட்டில் ஏற்கெனவே பிஎஸ்பி இருக்கிறதென்றால், எதையும் வாங்கும் முன் அதை எடுத்துத் தூசி தட்டுங்கள். எந்தக் கருவிக்கு வேகம் அதிகம் என்று பார்த்து இதைச் சொல்லவில்லை. திரையில் உள்ள புள்ளிகளின் கணக்கும், உள்ளே இருக்கும் சிப்பும்தான் காரணம்.

புள்ளிக் கணக்கு

கேம்பாய் அட்வான்ஸ் 2001-இல் வந்தது. அதன் திரையில் குறுக்கே 240 புள்ளி, நெடுக்கே 160. அந்தக் கேம்களை வரைந்தவர்கள் ஒவ்வொரு புள்ளியையும் கையால் வைத்தவர்கள். பொம்மையின் கண் இரண்டே புள்ளியாக இருக்கும். அதைப் பெரிய திரையில் காட்டும்போது ஒரு புள்ளியை முழு எண்ணால் பெருக்கினால் படம் அப்படியே இருக்கும். ஒன்றரை, ஒன்றே முக்கால் என்று பெருக்கினால், முழு டைல் போட வேண்டிய தரையில் அங்கங்கே வெட்டிய டைல் ஒட்டியது போல ஆகிவிடும்.

பிஎஸ்பியின் திரை 480-க்கு 272. கேம்பாய் அட்வான்ஸ் படத்தை இரண்டு மடங்கு ஆக்கினால் அகலம் கச்சிதமாக 480. ஆனால் உயரம் 320 ஆகி, திரையைத் தாண்டிவிடுகிறது. மிச்சம் இரண்டே வழி. ஒன்று, உயரத்துக்குத் தக்கபடி 1.7 மடங்கு பெருக்குவது. மற்றது, ஒன்றுக்கு ஒன்றாகத் திரையின் நடுவில் சிறிதாகக் காட்டுவது. அப்படிக் காட்டினால் மூலைக்கு மூலை இரண்டேகால் அங்குலம்தான் வரும். அசல் கருவியில் அது 2.9 அங்குலம்.

3டிஎஸ்ஸின் மேல்திரை 400-க்கு 240. ஒன்றரை மடங்கு பெருக்கினால் 360-க்கு 240, உயரம் சரியாக நிறையும். பார்த்தவுடன் "அருமை" என்று தோன்றும். போக்கிமான் எமரால்டு போட்டு, ஊர்க்காரன் ஒருவனிடம் பேச்சுக் கொடுத்து, கீழே வரும் எழுத்தை உற்றுப் பாருங்கள். ஆங்கில 'எம்' எழுத்துக்கு மூன்று கால். ஒரு கால் ஒரு புள்ளித் தடிமன், பக்கத்துக் கால் இரண்டு புள்ளி. நடந்தால் புல்தரை நெளியும். மென்மையாக்கும் வடிகட்டியைப் போட்டால் நெளிவு குறையும், ஆனால் எழுத்து கொஞ்சம் மங்கும்.

அதே 3டிஎஸ்ஸில், எக்ஸ்எல் மாடலில், பெருக்காமல் ஒன்றுக்கு ஒன்றாக வையுங்கள். எக்ஸ்எல்லின் மேல்திரை 4.88 அங்குலம். அதில் 240-க்கு 160 புள்ளி பிடிக்கும் இடம் மூலைக்கு மூலை ஏறக்குறைய 3 அங்குலம். அசல் கேம்பாய் அட்வான்ஸ் திரையின் அளவேதான்! புள்ளிக்குப் புள்ளி, அளவுக்கு அளவு, பின்னால் நல்ல வெளிச்சத்தோடு. சுற்றிலும் கறுப்பு ஓரம் இருக்கும். கொஞ்ச நேரத்தில் அது கண்ணுக்குப் படாது. சிறிய 3டிஎஸ்ஸில் இதையே செய்தால் படம் இரண்டேகால் அங்குலத்துக்கும் குறைவாகிவிடும். அதனால்தான் எக்ஸ்எல் என்று அழுத்திச் சொல்கிறேன்.

வைட்டாவில் இந்தத் தலைவலியே இல்லை. திரை 960-க்கு 544. கேம்பாய் அட்வான்ஸை மூன்று மடங்கு பெருக்கினால் 720-க்கு 480, முழு எண். அளவும் ஏறக்குறைய 3.9 அங்குலம். வயதான கண்ணுக்கும் மூக்குக்கண்ணாடிக்காரர்களுக்கும் இதுதான் சௌகரியம். பிஎஸ்பி கேம்களுக்கோ இன்னும் பொருத்தம்: 480-க்கு 272-ஐ இரண்டால் பெருக்கினால் சரியாக 960-க்கு 544. வைட்டாவின் திரையே பிஎஸ்பியின் இரட்டிப்புதான். படத்தை மட்டும் பார்த்து மார்க் போடுவதென்றால் வைட்டாவுக்குத்தான் முதலிடம் கொடுப்பேன்.

உள்ளே இருப்பது யார்

படத்தில் முந்தும் வைட்டா, ஆட்டத்தில் 3டிஎஸ்ஸுக்குப் பின்னால் நிற்கிறது. பிஎஸ்பியும் வைட்டாவும் கேம்பாய் அட்வான்ஸைப் போல நடிக்கின்றன; எமுலேட்டர் என்ற மென்பொருள் அந்தப் பழைய சிப்பின் வேலையைக் கணக்குப் போட்டுச் செய்கிறது. 3டிஎஸ் நடிப்பதில்லை. கேம்பாய் அட்வான்ஸில் இருந்தது ஏஆர்எம்7 வகைச் சிப். பழைய கேசட் ஓட வேண்டுமென்று அதே வகையை டிஎஸ்ஸில் வைத்தார்கள். டிஎஸ் கேம் ஓட வேண்டுமென்று 3டிஎஸ்ஸிலும் வைத்தார்கள். 2011-இல் 3டிஎஸ்ஸின் விலையைக் குறைத்தபோது, முன்பே கூடுதல் விலை கொடுத்து வாங்கியவர்களுக்கு ஈடாக நிண்டெண்டோ பத்து கேம்பாய் அட்வான்ஸ் கேம்களை இலவசமாகக் கொடுத்தது. அவை ஓடியது இந்த அசல் வழியில்தான். மாட் செய்த 3டிஎஸ்ஸில் ஓப்பன் ஏஜிபி ஃபர்ம் என்ற நிரல் அதே கதவைத் திறந்துவிடுகிறது.

விரலுக்கு இது தெரியும். பட்டனை அமுக்கிய கணத்தில் மெட்ராய்டு ஃப்யூஷனில் ஆள் குதிப்பதும், ஒலி பிசிறில்லாமல் வருவதும் சொல்லிப் புரியாது, ஆடிப் பார்க்க வேண்டும். டிஎஸ் கேம்களும் அப்படியே: டுவைலைட் மெனு என்ற நிரல் வழியாக அசல் சிப்பிலேயே ஓடும். இரண்டு திரையும் மேலும் கீழுமாக இருக்க வேண்டிய இடத்தில் இருக்கும், தொடுதிரைக் குச்சியும் உண்டு. டிஎஸ் படம் 256-க்கு 192. அதை 3டிஎஸ் 1.25 மடங்கு இழுத்துக் காட்டும். கேம் தொடங்கும்போது ஸ்டார்ட் அல்லது செலக்ட் பட்டனை அமுக்கிப் பிடித்திருந்தால் அசல் அளவில் வரும். வைட்டாவில் டிஎஸ்ஸுக்கு எமுலேட்டர் உண்டு; ஆனால் கேமுக்குக் கேம் நிலைமை மாறும், இரண்டு திரையையும் ஒன்றில் திணிக்க வேண்டும். பிஎஸ்பியில் டிஎஸ் பேச்சே வேண்டாம்.

அசல் வழிக்கு ஒரு விலை உண்டு. நினைத்த இடத்தில் நிறுத்திச் சேமிக்கும் சேவ் ஸ்டேட் கிடையாது. வேகமாக ஓட்டும் பட்டன் கிடையாது. இணைப்புக் கம்பி போட்டு இருவர் ஆடுவதும் நடக்காது. கோல்டன் சன் போன்ற நீண்ட கதைக் கேம்களில் வேகப் பட்டன் இல்லாமல் சிலருக்குப் பொறுமை போய்விடும். அவர்கள் எம்ஜிபிஏ எமுலேட்டரைப் பார்க்கலாம். வைட்டாவில் அது நன்றாக ஓடும். 3டிஎஸ்ஸில் என்றால் 2014-இல் வந்த நியூ 3டிஎஸ் வகைதான் வேண்டும், பழையதில் திணறும்.

பிஎஸ்பியில் ஜிபிஎஸ்பி என்ற எமுலேட்டர். 333 மெகாஹெர்ட்ஸ்தான் அந்தக் கருவியின் உச்ச வேகம். அதற்குள் இத்தனை கேம்களை முழு வேகத்தில் ஓட்டிக்காட்டியது பெரிய கைத்திறன். சில கேம்கள் இடறும். இன்னொன்றும் சொல்ல வேண்டும். நாகர்கோவிலில் ஏறி ஆடிக்கொண்டே போகிறீர்கள், இரணியல் வந்துவிட்டது, இறங்க வேண்டும். பிஎஸ்பியில் பக்கவாட்டு விசையை ஒரு தள்ளு, அந்த நொடியிலேயே உறங்கிவிடும். வைட்டாவும் அப்படித்தான். நிண்டெண்டோ கொடுத்த அந்தப் பத்து கேம்களோ, 3டிஎஸ்ஸை மூடினாலும் உறங்கவில்லை. ரயிலிலும் பஸ்ஸிலும் மட்டுமே ஆட நேரம் கிடைக்கிறவர்களுக்கு இது சின்ன விஷயமில்லை.

மாட் செய்யும் பாடு

பிஎஸ்பி எளிது. 6.61 ஃபர்ம்வேர் (கருவியின் அடிப்படை மென்பொருள்), ஆர்க்-4 என்ற மாட் நிரலின் கோப்புறை, முடிந்தது. நிலையாக நிற்கும்படி செய்யாவிட்டால் முழுசாக அணைத்தபின் மறுபடி ஒருமுறை ஓட்ட வேண்டும், அவ்வளவுதான். 3டிஎஸ்ஸுக்கு பூட்9ஸ்ட்ராப், லூமா என்ற நிரல்களைப் போட வேண்டும், படிகள் கூடுதல். வழிகாட்டியை வரிக்கு வரி பின்பற்றினால் ஒரு மாலையில் முடிகிற வேலை, அதன்பின் திரும்பிப் பார்க்க வேண்டாம். வைட்டாவை 3.65 ஃபர்ம்வேருக்கு இறக்கி, என்சோ என்ற மாட் நிரலைப் போடுவதே நிலையான வழி. தொழிற்சாலையிலிருந்து எந்தப் பதிப்போடு வந்ததோ அதற்குக் கீழே இறக்க முடியாது. வாங்கும்போது இதைக் கவனியுங்கள்.

மெமரி கார்டில் வைட்டா பழைய தொல்லை. அதற்கென்றே தனிக் கார்டு, கொள்ளை விலை. கேசட் துளையில் மைக்ரோ எஸ்டி போடும் எஸ்டி2வைட்டா அடாப்டர்தான் நிவாரணம். பிஎஸ்பிக்கும் மைக்ரோ எஸ்டியிலிருந்து மெமரி ஸ்டிக்குக்கு அடாப்டர் உண்டு. பழைய 3டிஎஸ்ஸில் சாதாரண எஸ்டி கார்டே போதும். நியூ 3டிஎஸ்ஸில் மைக்ரோ எஸ்டி, பின்மூடியின் திருகைக் கழற்றிப் போட வேண்டும். பிஎஸ்பிக்கும் 3டிஎஸ்ஸுக்கும் கார்டை ஃபேட் 32 வடிவத்தில் ஃபார்மட் செய்ய வேண்டும். போலிக் கார்டு எங்கும் திரிகிறது; கேம் ஏற்றும் முன் கணினியில் முழுக்க எழுதிப் படித்துச் சோதியுங்கள்.

கேம்களை உங்களிடம் இருக்கும் கேசட்டிலிருந்தே எடுங்கள். டிஎஸ், 3டிஎஸ் கேசட்டுகளை மாட் செய்த 3டிஎஸ்ஸில் காட்மோட்9 என்ற நிரல் நகலெடுத்துவிடும். கேம்பாய் கேசட்டுகளுக்கு யூஎஸ்பியில் செருகும் தனி ரீடர் கிடைக்கிறது. பழைய கேம்பாய் கேசட்டில் சேமித்ததை உயிரோடு வைத்திருப்பது உள்ளே இருக்கும் பட்டன் பேட்டரி. அது தீர்ந்தால் எல்லாம் போச்சு. அதனால் நகலெடுப்பதைத் தள்ளிப்போடாதீர்கள்.

கடல் காற்றும் பேட்டரியும்

நம் மாவட்டத்துக்கு இரண்டு மழைக்காலம். கரையோரமாக இருந்தால் உப்புக்காற்று வேறு. பேட்டரி முனைகளில் பச்சை பூக்கிறது, கார்டு தொடும் தகடு கறுக்கிறது. இந்த இடத்தில் பிஎஸ்பி ஜெயிக்கிறது: மூடியைத் தள்ளினால் பேட்டரி கையோடு வந்துவிடும். ஆடாத நாளில் பாதிச் சார்ஜோடு கழற்றி, காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு வைக்கலாம். 3டிஎஸ்ஸுக்குத் திருப்புளி வேண்டும். வைட்டாவுக்குக் கருவியையே பிரிக்க வேண்டும்.

வருஷக்கணக்காகக் கிடந்த பிஎஸ்பியை எடுத்தால் முதலில் பேட்டரியைப் பாருங்கள். வடசேரியில் ஒரு மொபைல் ரிப்பேர் கடைத் தம்பி சொன்னான்: "அண்ணே, இதுக்க பேட்டரி உப்பிப் போச்சு, சார்ஜ் போட்டுராதீங்க பாத்துக்கிடுங்க." அவன் சொன்னதில் தப்பே இல்லை. மூடி சரியாக அமரவில்லை, பேட்டரியை மேசையில் வைத்தால் ஆடுகிறது என்றால் அது உப்பியிருக்கிறது. அதைக் குத்தவோ சார்ஜ் போடவோ கூடாது. புது பேட்டரி வாங்கும்போது மாடலைச் சொல்லி வாங்குங்கள்: தடித்த முதல் மாடலுக்கு 1800 மில்லி ஆம்பியர் மணி, மெலிந்த 2000, 3000 மாடல்களுக்கு 1200.

சார்ஜரில் வைட்டா 2000 மாடலுக்கு மைக்ரோ யூஎஸ்பி போதும். முதல் வைட்டாவுக்குத் தனிக் கேபிள். பிஎஸ்பிக்கும் 3டிஎஸ்ஸுக்கும் அவற்றின் முனை பொருத்திய யூஎஸ்பி கேபிள் விற்கிறார்கள்.

இடையில் டிஎஸ்ஸின் மெலிந்த மாடலான டிஎஸ் லைட்டை மறந்துவிட வேண்டாம். மாட் எதுவும் இல்லாமலே அதன் கீழ்த் துளையில் கேம்பாய் அட்வான்ஸ் கேசட் அப்படியே போகும். பொக்டாய் என்று 2003-இல் ஒரு கேம். கேசட்டிலேயே வெயிலை அளக்கும் உணரி இருக்கும், பேயை அடிக்க உண்மையான சூரிய வெளிச்சம் வேண்டும். எமுலேட்டரில் அதை ஒரு எண்ணாக மாற்றிக் கொடுக்கலாம்தான். ஆனால் நம் ஊர் வெயிலை வைத்துக்கொண்டு அதை எண்ணாகக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. அசல் கேசட் கிடைத்தால் முற்றத்தில் உட்கார்ந்து டிஎஸ் லைட்டில் ஆடுங்கள்.

பிஎஸ்பியில் தொடங்கிவிட்டுப் பிறகு 3டிஎஸ்ஸுக்கு மாற நினைப்பவர்கள் ஒன்றை மட்டும் முதல் நாளிலிருந்தே பழகிக்கொள்ளுங்கள்: கேமுக்குள் இருக்கும் சேமிப்பையே பயன்படுத்துங்கள். எமுலேட்டரின் சேவ் ஸ்டேட் அந்த எமுலேட்டரோடு போச்சு, வேறு எங்கும் திறக்காது. கேமுக்குள் சேமித்தது சாதாரண சேவ் கோப்பாகக் கார்டில் இருக்கும். கேம் கோப்பின் பெயரையே அதற்கும் வைத்துப் புதுக் கருவியில் போட்டால், பெரும்பாலும் விட்ட இடத்திலிருந்து தொடரும். 3டிஎஸ்ஸின் அசல் வழியில் ஆடும்போது மட்டும் பவர் பட்டனை அமுக்கி முறையாக வெளியே வாருங்கள். சேவ் கார்டில் எழுதப்படுவது அப்போதுதான்.