ரோம் பேட்ச்: ஐபிஎஸ்ஸா, பிபிஎஸ்ஸா, எக்ஸ்டெல்டாவா?

பழைய கன்சோல் விளையாட்டுகளை மொழிபெயர்ப்பவர்களும் அவற்றில் புதிய கட்டங்களைச் சேர்ப்பவர்களும் முழு விளையாட்டையும் பகிர்வதில்லை. பதிப்புரிமை அதற்கு இடம் தராது. மூல ரோம் கோப்பில் (கார்ட்ரிட்ஜில் உள்ள விளையாட்டுத் தரவின் நகலில்) எங்கே எதை மாற்ற வேண்டும் என்பதை மட்டும் பேட்ச் கோப்பாகத் தருகிறார்கள்.

ஐபிஎஸ், பிபிஎஸ், எக்ஸ்டெல்டா ஆகிய பேட்ச் கோப்பு வடிவங்களில் ஐபிஎஸ் மூத்தது, மிக எளியது. முகவரி, நீளம், எழுத வேண்டிய பைட்டுகள் என்று வரிசையாகச் சொல்லிக்கொண்டே போகும். முகவரிக்கு மூன்று பைட்டுகள்தான் என்பதால் 16 மெகாபைட்டைத் தாண்டி எட்டாது. சூப்பர் நின்டெண்டோவுக்கு அது தாராளம். 32 மெகாபைட் வரை போகும் கேம் பாய் அட்வான்ஸுக்கோ 64 வரை போகும் நின்டெண்டோ 64க்கோ போதாது.

ஆனால் எனக்குப் பெரிய குறை இந்த எல்லையன்று. கொடுத்த கோப்பு சரியானதுதானா என்று ஐபிஎஸ் பார்ப்பதே இல்லை. சில சூப்பர் நின்டெண்டோ ரோம்களின் தொடக்கத்தில், அந்தக் காலத்து நகலெடுக்கும் கருவிகள் சேர்த்த 512 பைட் ஹெடர் என்ற கூடுதல் பகுதி இருக்கும். ஹெடர் இல்லாத ரோமுக்காகச் செய்த பேட்சை இதில் போட்டால், ஒவ்வொரு மாற்றமும் 512 பைட் முன்னதாகவே விழும். பிழைச் செய்தி எதுவும் வராது. உடனே திரை கறுத்துவிட்டால் தப்பித்தோம். பாதி விளையாட்டு வரை ஒழுங்காக ஓடிவிட்டு அப்புறம் நின்றால், சேமித்த ஆட்டமும் வீண்.

பிபிஎஸ் இங்கேதான் உயர்ந்து நிற்கிறது. மூலம், முடிவு, பேட்ச் ஆகிய மூன்றுக்கும் சிஆர்சி32 மதிப்புகளை (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு எண்களை) தன் கடைசி 12 பைட்டுகளில் வைத்திருக்கிறது. தவறான ரோம் என்றால் கருவி அங்கேயே எச்சரித்துவிடும். இன்னொரு நன்மையும் உண்டு: நடுவில் புதிய உரையைச் செருகிப் பின்னால் உள்ளதெல்லாம் நகர்ந்தால், நகர்ந்த தரவு முழுவதையும் ஐபிஎஸ் சுமக்கும், பிபிஎஸ் ‘மூலத்தில் இந்த இடத்திலிருந்து எடு’ என்று குறித்தாலே போதும். பேட்ச் சிறுக்கும், அதில் மூல விளையாட்டின் தரவும் கலக்காது.

பிளேஸ்டேஷன் வட்டுகளின் அளவுக்குப் போனால் எக்ஸ்டெல்டா. நூற்றுக்கணக்கான மெகாபைட் கோப்புகளுக்கு பிபிஎஸ் பேட்ச் உருவாக்க நினைவகம் நிறைய வேண்டும்.

புதிதாகப் பேட்ச் வெளியிடுபவர்கள் கார்ட்ரிட்ஜ் விளையாட்டு என்றால் பிபிஎஸ்ஸையே தாருங்கள். ஃப்ளோட்டிங் ஐபிஎஸ் என்ற இலவசக் கருவி ஐபிஎஸ், பிபிஎஸ் இரண்டையும் உருவாக்கும். பழைய ஐபிஎஸ் மட்டுமே கிடைத்தால், உடன் வரும் குறிப்பில் ஹெடர் வேண்டுமா, சிஆர்சி32 என்ன என்று பார்த்த பிறகு, மூலத்தின் நகல் ஒன்றில் மட்டும் போடுங்கள்.