மயிலையாரா, தொ.ப.வா? முதலில் எதைக் கையில் எடுப்பது

போன தீபாவளிக்கு ஊருக்கு வந்திருந்த அக்கா மகன், தலையில் எண்ணெய் சொட்டச் சொட்டத் திண்ணையில் உட்கார்ந்துகொண்டு கேட்டான்: "மாமா, நம்ம சாமி, சாதி, சடங்கு இதெல்லாம் எங்கேருந்து வந்துச்சுன்னு தெரிஞ்சுக்க ஒரே ஒரு புத்தகம் சொல்லுங்க." ஒன்று என்றதும்தான் சிக்கல். அலமாரியிலிருந்து என் கை இரண்டை எடுத்தது. வரலாற்று ஆய்வாளர் மயிலை சீனி. வேங்கடசாமியின் (மயிலையார்) 'சமணமும் தமிழும்', பண்பாட்டு ஆய்வாளர் தொ. பரமசிவனின் (தொ.ப.) 'அறியப்படாத தமிழகம்'. முன்னது 1954இல் வந்தது, பின்னது 1997இல். எதை முதலில் கொடுப்பது என்று அன்று யோசித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

அவன் தலையில் எண்ணெய் இருந்ததால் தீபாவளியிலிருந்தே தொடங்கலாம். இரண்டு பேரும் அதைப் பற்றி எழுதியிருக்கிறார்கள். இரண்டு பேருமே நரகாசுரன் கதையை நம்பவில்லை. ஆனால் அங்கே போய்ச் சேரும் வழி வேறு வேறு.

மயிலையார் வழக்கறிஞர் மாதிரி. பாவாபுரியில் சமணப் பெருங்குரு மகாவீரர் இரவு முழுக்க அறவுரை சொன்னார், விடியும் நேரத்தில் வீடுபேறு அடைந்தார், அந்த நாளை விளக்கு வரிசை வைத்துக் கொண்டாடினார்கள், தீப ஆவளி என்ற பெயரே அதைத்தான் சொல்கிறது என்று சமண மரபை முதலில் முன்வைக்கிறார். அப்புறம் எதிர்த்தரப்பைக் குறுக்கு விசாரணை செய்கிறார். நரகாசுரனை இரவில் கொன்றதாகச் சொல்கிறீர்களே, அந்தக் காலத்தில் சூரியன் எழுந்த பிறகுதானே போர் தொடங்குவது வழக்கம், இரவில் ஏது போர் என்று கேட்கிறார். புராணக் கதையைப் போர் விதியை வைத்து மடக்குவது கொஞ்சம் வேடிக்கைதான். அசுரனுக்கும் அவதாரத்துக்கும் நடக்கும் சண்டைக்கு மனிதர்களின் போர் முறையை எப்படிப் பொருத்துவது? ஆனாலும் அந்தக் கேள்வியைப் படித்த பிறகு பழைய கதையைப் பழையபடி கேட்க முடிவதில்லை.

தொ.ப. வீட்டுக்குள்ளிருந்து வருகிறார். தமிழனின் விளக்குத் திருவிழா கார்த்திகை அல்லவா, தீபாவளியன்று நம் வீட்டில் யார் வரிசையாக விளக்கு வைக்கிறார்கள் என்பது அவர் பார்வை. வெடிமருந்தே 15ஆம் நூற்றாண்டு வரை இங்கே அறிமுகமாகவில்லை, விசயநகர ஆட்சி காலூன்றிய பிறகுதான் இந்தப் பண்டிகை இங்கே வேர்பிடித்தது என்கிறார். மகாவீரர் கதைக்கும் இடம் உண்டு, ஆனால் கட்டுரை அதில் சாய்ந்து நிற்கவில்லை. எங்கள் வீட்டில் அன்றைக்கு விளக்கு வரிசை இல்லை என்பதை அக்கா மகன் தானே எழுந்து போய்ப் பார்த்துவிட்டு வந்தான். புத்தகத்தை இன்னும் திறக்கக்கூட இல்லை, நான் வாயால் சொன்னதற்கே இந்தப் பலன்.

வாசிப்பு இன்பம் என்று பார்த்தால் போட்டியே கிடையாது. தொ.ப.வின் கட்டுரைகள் பல இரண்டு மூன்று பக்கத்தில் முடிந்துவிடும். உப்பு, எண்ணெய், தேங்காய், உறவுப் பெயர்கள் என்று நாம் தினமும் புழங்கும் பொருளையும் சொல்லையும் எடுத்துப் புரட்டிக் காட்டுவார். குளித்தல் என்பது அழுக்குப் போக்குவது அல்ல, வெயிலிலும் வேலையிலும் சூடேறிய உடம்பைக் குளிர்விப்பது என்பார். பல்லாங்குழியைப் பற்றிய கட்டுரை இன்னும் ஒரு படி மேலே. இரண்டு பக்கமும் சமமாகக் காய் போட்டுத் தொடங்கும் ஆட்டம், ஒருத்தி வெறுங்கையோடு நிற்கும் வரை போகிறது. தனிச்சொத்தும் ஏற்றத்தாழ்வும் இயல்பானவை என்று அந்த ஆட்டம் பழக்கிவிடுகிறது என்கிறார். என் பாட்டி சோழிகளை அள்ளி அள்ளி மடியில் போட்டுக்கொண்டது நினைவுக்கு வந்து, கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வைத்தேன்.

ஆனால் அடிக்குறிப்பு தேடும் ஆளுக்கு இந்த நூல் தலைவலி. சம்பா நெல்லும் அளம் என்ற உப்பும் கூலியாகக் கொடுத்ததால் சம்பளம் என்ற சொல் பிறந்தது என்பார். கேட்க இனிக்கிறது, மேடையில் சொன்னால் கைதட்டல் உறுதி. ஆனால் வழிப்பயணத்துக்கான கட்டுச்சோறு என்ற பொருளில் வடமொழியில் 'சம்பல' என்று ஒரு சொல் இருக்கிறது. அதைத் தள்ளிவிட்டு இதைக் கொள்ள வேண்டுமென்றால் காரணம் சொல்ல வேண்டும். கட்டுரை அதற்குள் அடுத்த விஷயத்துக்குப் போய்விடுகிறது. அவருக்கு ஆதாரம் திரட்டத் தெரியாது என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். மதுரை காமராசர் பல்கலைக்கழகம் 1989இல் வெளியிட்ட அவருடைய ஆய்வேடு 'அழகர் கோயில்' முழுக்கக் களத்தில் நடந்து திரட்டியது. கள்ளர், இடையர், வலையர் என்று ஒவ்வொரு சாதிக்கும் அந்தக் கோயிலோடு என்ன உறவு என்று தனித்தனியாக எழுதியிருக்கிறார். அதை எழுதியவர்தான் இதையும் எழுதினார் என்பது தெரிந்தால், 'அறியப்படாத தமிழகம்' அவர் வேலை முடிந்து திண்ணையில் உட்கார்ந்து பேசியது என்று புரியும்.

இன்னொரு செய்தி. அழகர் கோயில் ஒரு காலத்தில் பௌத்தர்களுடையது என்று அந்த ஆய்வேடு வாதிடுகிறது. அந்த யோசனை மயிலையாருடையது, அவருடைய 'பௌத்தமும் தமிழும்' நூலில் இருக்கிறது. பெரியவர் போட்ட கோட்டில் சின்னவர் ரோடு போட்டார். ஆகவே இவர்களை எதிரெதிரே நிறுத்துவதே ஓரளவுக்கு என் வசதிக்காகத்தான்.

மயிலையாரின் நடை ஆசிரியர் நடை. சென்னையில் பள்ளி ஆசிரியராக இருந்தவர். சொல்ல வந்ததை ஒன்று, இரண்டு என்று அடுக்கிவிட்டுப் போவார். அறுபத்துமூன்று நாயன்மார் என்ற கணக்கே சமணர்கள் போற்றும் பெருமக்களான அறுபத்துமூன்று சலாகா புருஷர்களைப் பார்த்து வந்தது என்பது போன்ற இடங்கள் தூக்கிவாரிப் போடும். நடுவில் பக்கம் பக்கமாக ஊர்ப் பட்டியல். மாவட்டவாரியாகச் சமணத் தடயங்கள் உள்ள ஊர்கள். முதல்முறை படிக்கும்போது அதைத் தள்ளிக்கொண்டு போனேன். இப்போது அந்த நூலில் எனக்கு மிகவும் உதவுவது அந்தப் பட்டியல்தான்.

அதை நம்பி ஒரு முறை கழுகுமலை ஏறினேன். பாறையில் வரிசை வரிசையாகத் தீர்த்தங்கரர்கள், அதாவது சமணப் பெருங்குருமார், கீழே வட்டெழுத்து என்ற பழைய எழுத்தில் அவற்றைச் செய்வித்தவர்களின் பெயர்கள். அந்தக் கல்வெட்டுகளில் குரத்தியர், அதாவது பெண் சமண ஆசிரியர்களும் வருகிறார்கள். பக்கத்திலேயே அய்யனார் கோயில். அதே மலையில் பாறையைக் குடைந்து உருவாக்கிய வெட்டுவான் கோயிலைச் செதுக்கிய அப்பனும் மகனும் போட்டி போட்டு, கடைசியில் அப்பன் மகனைக் கொன்ற கதையை ஊர்க்காரர் ஒருவர் சொன்னார். சிற்பங்களும் எழுத்துகளும் மயிலையாரின் பக்கம். அந்தக் கதையும், சமணர் பாறைக்கு அருகே அய்யனார் குடியிருப்பதும் தொ.ப.வின் பக்கம். ஒருவரை மட்டும் படித்துவிட்டுப் போயிருந்தால் மலையில் பாதியைத்தான் பார்த்திருப்பேன்.

மயிலையாரிடம் உள்ள குறை, எந்த ஊரைத் தட்டினாலும் சமணம் அல்லது பௌத்தம் கேட்கும் காது. ஊர்ப் பெயரை மட்டும் வைத்து அவர் சொல்லும் இடங்களில் நான் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டு வைப்பேன். அதோடு, சமயங்கள் ஒன்றோடொன்று மோதுவது அவர் நூலில் தெரியும் அளவுக்கு, ஒரு சமயத்துக்குள்ளேயே சாதிகள் மோதுவது தெரியாது.

அந்த இடத்துக்கு மூன்றாவதாக ஒரு நூல் வேண்டும்: ஆ. சிவசுப்பிரமணியனின் 'கிறித்தவமும் சாதியும்'. நெல்லைச் சீமையின் வடக்கன்குளம் என்ற ஒரே ஊர். வேளாளரும் நாடாரும் ஒருவரையொருவர் பார்க்காமல் பூசை காண்பதற்காக, பீடத்திலிருந்து இரண்டு கிளையாகப் பிரியும்படி கட்டிய கிறித்தவக் கோயில். நடுவே சுவர். 1910இல் சுவர் இடிபட்டது. பிரிவினை வேண்டும் என்றவர்கள் நீதிமன்றம் வரை போய்த் தோற்றார்கள். மற்ற இரண்டு நூல்களும் ஆயிரம் ஆண்டுகளை அளாவ, இது ஒரு சுவரை விட்டு நகராது. படிக்கச் சற்றுக் கனம்தான். ஆனால் மூன்றில் என் பென்சில் மிகக் குறைவாக வேலை செய்தது இதில்தான்.

கடைசியில் அவனுக்குக் கொடுத்து அனுப்பியது 'அறியப்படாத தமிழகம்'. ரயிலில் திருநெல்வேலியிலிருந்து சென்னை போவதற்குள் முடித்துவிடலாம், முடித்ததும் சந்தேகம் வரும், சந்தேகம் வந்தால் அடுத்ததற்கு அவனே கை நீட்டுவான் என்பது கணக்கு. இதுவே நாலு பேர் முன்னால் பேசவோ கட்டுரை எழுதவோ போகிற ஆள் கேட்டிருந்தால் மயிலையாரைத்தான் கொடுத்திருப்பேன். அவர் நூல்கள் நாட்டுடைமை ஆகிவிட்டதால் இணையத்திலேயே இலவசமாகக் கிடைக்கின்றன, இரவல் கொடுத்துவிட்டு வழி பார்க்கவும் வேண்டாம்.

செங்கல்பட்டு தாண்டியதும் அவனிடமிருந்து செய்தி வந்தது: "மாமா, சம்பளம் மேட்டர் நெசமா?"