மீகாங் டெல்டா சுற்றுலா: சைகோனில் முன்பணம் கட்டுவதற்கு முன் படிக்கவும்

வியட்நாமின் மீகாங் டெல்டாவை இரண்டு இரவு, மூன்று பகல் வழிகாட்டியுடன் சுற்றிக் காட்டுவதாகச் சொல்லி ஹோ சி மின் நகரத்தில் (பழைய பெயர் சைகோன்) விற்கப்படும் தொகுப்புச் சுற்றுலா ஒன்றில், கடந்த மார்ச் மாதம் என் பெற்றோரும் கணவரும் நானும் சென்று வந்தோம். எங்களை ஏமாற்றிய விதம் சற்று நுட்பமானது என்பதால் இதை விரிவாகவே எழுதுகிறேன். அச்சிட்ட நிகழ்ச்சி நிரலில் இருந்தவற்றில் ஏறக்குறைய அனைத்தையும் அவர்கள் செய்து முடித்தார்கள்; ஆனால் எவற்றை எண்ணிப் பணம் கட்டினோமோ அவற்றில் ஒன்றுகூட எங்களுக்குக் கிடைக்கவில்லை. திரும்பி வந்து கேட்டபோது அந்த நிரலையே எங்கள் முன் விரித்து, ஒவ்வொரு வரியிலும் பேனாவை வைத்து, "இது நடந்ததா, இல்லையா?" என்று கேட்டார்கள். 2023இல் திருச்சியிலிருந்து சைகோனுக்கு நேரடி விமானம் தொடங்கிய பிறகு, பெரியவர்களை அழைத்துக்கொண்டு அங்கே செல்லும் நம்மவர்கள் பெருகியிருக்கிறார்கள். அவர்களை மனத்தில் வைத்தே இந்தப் பதிவு.

சைகோனின் பழைய முதலாம் மாவட்டத்தில் ஃபாம் ங்கூ லாவ், புய் வியன் தெருக்களைச் சுற்றிய பகுதியில் பத்தடிக்கு ஒரு சுற்றுலாக் கடை இருக்கிறது. ஒரு மேசை, ஒரு கணினி, சுவர் முழுக்கப் படங்கள். நாங்கள் பணம் கட்டிய கடையின் பெயரை எழுதவில்லை. எழுதினாலும் பெரிய பயன் இராது. ஓரளவு நற்பெயர் பெற்ற நிறுவனத்தின் பெயரையே ஓரெழுத்து மாற்றித் தங்கள் கடைக்கு வைத்துக்கொள்வது அந்தப் பகுதியில் பல ஆண்டுகளாக நடந்துவரும் வழக்கம். கடையில் இருந்த பெண் மிகவும் கனிவாகப் பேசினார். பன்னிரண்டு பேருக்கு மேற்படாத சிறு குழு, ஆற்றங்கரையில் வீட்டுத் தங்கல், விடியற்காலையில் காய் ராங் மிதவைச் சந்தை, என் அம்மாவுக்குத் தனியாகச் சைவ உணவு என்று எல்லாவற்றுக்கும் தலையசைத்தார். ஆளுக்கு 38 லட்சம் டாங், நம் பணத்தில் ஏறத்தாழ 12,500 ரூபாய். பதிலுக்குக் கிடைத்தது கார்பன் தாள் வைத்து எழுதிய ஒரு ரசீது. அதில் எங்கள் பெயர், தொகை, கிளம்பும் நேரம் ஆகியவை மட்டுமே இருந்தன. சுற்றுலாவை நடத்தப்போவது யார் என்ற விவரம் எங்கும் இல்லை.

மறுநாள் காலை அந்தக் கடை வாசலுக்கு வந்த பேருந்தில் ஏற்கெனவே முப்பது பேருக்கு மேல் உட்கார்ந்திருந்தார்கள். ரசீதை வாங்கிக்கொண்டு, சட்டையில் ஒட்டிக்கொள்ளும்படி ஒரு வட்ட வில்லையைக் கொடுத்தார்கள். வில்லையின் நிறம் ஆளுக்கு ஆள் வேறுபட்டதற்குக் காரணம் மதியத்துக்குள் புரிந்துவிட்டது: அது எந்தக் கடை எங்களை விற்றது என்பதற்கான அடையாளம். தெருக்கடைகள் எதுவும் தாமாகச் சுற்றுலா நடத்துவதில்லை. பல கடைகளில் சேரும் பயணிகளை, சுற்றுலாவை உண்மையில் நடத்தும் ஒரே இயக்குநரிடம் ஒப்படைத்துவிட்டு, இடையில் உள்ள தொகையை எடுத்துக்கொள்கிறார்கள். எங்களுக்குப் பின்னால் அமர்ந்திருந்த இணையர், அதே பேருந்து, அதே படகு, அதே சாப்பாட்டுக்கு ஆளுக்கு 24 லட்சம் டாங் கொடுத்திருந்தார்கள். விலை வேறுபாட்டைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். பேரம் பேசும் ஊரில் அது இயல்பு. ஆனால் சைவ உணவு, சிறு குழு, வீட்டுத் தங்கல் என்று கடையில் எங்களுக்குச் சொல்லப்பட்ட எதுவும் பேருந்தில் இருந்த வழிகாட்டியிடம் வந்து சேரவே இல்லை. அவர் கையில் இருந்த பட்டியலில் எங்கள் பெயருக்கு எதிரே "4" என்ற எண் மட்டுமே இருந்தது.

முதல் நாள் மை தோ, பென் ட்ரே என்ற ஊர்கள். வின் ட்ராங் புத்தர் கோயிலில் இருபது நிமிடம் நிறுத்தினார்கள். அது உண்மையிலேயே அழகான இடம். அதன்பின் ஆற்றுத் தீவுகளில் தேன் தேநீர்க் கடை, தேங்காய் மிட்டாய் செய்யும் கூடம், மலைப்பாம்பைக் கழுத்தில் போட்டுப் படம் எடுத்துக்கொள்ளும் இடம் என்று வரிசையாக அழைத்துச் சென்றார்கள். தேங்காய்ப் பாலை முளைதானியப் பாகுடன் சேர்த்துக் காய்ச்சி, நீள நீளமாக வெட்டி, உண்ணத்தக்க அரிசித் தாளில் சுற்றுவதைப் பார்ப்பதில் எனக்கு மகிழ்ச்சிதான். ஆனால் செய்முறைக்கு ஐந்து நிமிடமும் விற்பனை மேசைக்கு நாற்பது நிமிடமும் ஒதுக்கினால் அதற்குப் பெயர் வேறு. 2013இல் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பெற்ற தென் வியட்நாமின் டோன் கா தாய் தூ இசையை, பழத் தட்டுடன் மூன்று பாட்டாகச் சுருக்கிப் பாடிவிட்டு உண்டியலை நீட்டினார்கள். நீர்த்தென்னை கவிந்த வாய்க்காலில் துடுப்புப் படகுப் பயணம் என்று நிரலில் இருந்தது பத்து நிமிடத்தில் முடிந்தது. துடுப்பு போட்ட அம்மையார் மீது எனக்கு எந்தக் குறையும் இல்லை. வெயிலில் நாள் முழுவதும் அதே வாய்க்காலில் போய்வரும் அவர்களுக்கு இயக்குநர் கொடுப்பது மிகச் சொற்பம் என்பதால்தான், படகு கரை சேருமுன் அன்பளிப்பு கேட்கும் வேலையும் அவர்கள் தலையில் விழுகிறது. (இந்த இடங்களில் அவசரத்தில் பணம் எடுக்கும்போது ஒரு கவனம் தேவை: 20,000 டாங் தாளும் 5,00,000 டாங் தாளும் இரண்டுமே நீல நிறம்.)

மதிய உணவில் மேசை நடுவே, யானைக்காது மீன் என்று அவர்கள் சொல்லும் மீனைப் பொரித்துச் செங்குத்தாக நிறுத்தி வைத்தார்கள். அம்மாவுக்கு ஒரு முட்டை ஆம்லெட், வெறுஞ்சோறு, பூண்டு போட்டு வதக்கிய வள்ளைக்கீரை. அந்தக் கீரையிலும் மீன் சாறு ஊற்றியிருந்தார்கள் என்பது வாயருகே கொண்டுபோனபோதே தெரிந்துவிட்டது. "எனக்கு ஒண்ணும் வேண்டாம்மா, நீங்க சாப்பிடுங்க, இந்த வாழைப்பழம் போதும்" என்று அம்மா தட்டை நகர்த்தி வைத்தார். வியட்நாமில் சைவ உணவு அரிதான ஒன்றே அல்ல. பௌத்தர்கள் பலர் சந்திர மாதத்தின் முதல் நாளிலும் பதினைந்தாம் நாளிலும் புலால் உண்பதில்லை, "சாய்" என்று பலகை மாட்டிய சைவ உணவகங்கள் சிறு ஊர்களிலும் உண்டு. அங்கே ஒரு தட்டு வாங்கிவர வழிகாட்டியால் முடிந்திருக்கும். அவர் எங்களைக் கொண்டுபோய் உட்கார வைத்த உணவகம் இயக்குநருடன் ஒப்பந்தம் போட்ட இடம் என்பதால் அதற்கு வழியில்லை என்றார். அதன் பிறகு பயணம் முடியும் வரை அம்மா பழமும் ரொட்டியுமாகவே இருந்தார்.

இனி மிதவைச் சந்தை. கான் தோ நகரின் நின் கியூ படகுத் துறையிலிருந்து காய் ராங் சந்தை ஏறத்தாழ ஆறு கிலோமீட்டர். அது மொத்த வணிகச் சந்தை. விடியுமுன் தொடங்கி, ஏழு, எட்டு மணிக்குள் பெரும்பாலும் அடங்கிவிடும். பெரிய படகுகளின் முகப்பில் நீண்ட மூங்கிலை நட்டு, அந்தப் படகில் விற்கும் பொருளை அதன் உச்சியில் கட்டித் தொங்கவிடுவார்கள். அன்னாசி தொங்கினால் அன்னாசிப் படகு, பூசணி தொங்கினால் பூசணிப் படகு. 2016இல் இந்தச் சந்தைப் பண்பாட்டை அந்நாட்டு அரசு தேசிய அருவ மரபுச் செல்வமாக அறிவித்தது. ஆனால் சந்தை ஆண்டுக்கு ஆண்டு சுருங்கி வருகிறது. பாலங்களும் விரைவுச் சாலைகளும் வந்தபின் தோட்டத்து வாசலிலேயே லாரி வந்து நிற்கிறது. கரையோரம் எழுப்பிய தடுப்புச் சுவர், படகுக்கும் கரையில் இருந்த வியாபாரிகளுக்கும் இடையில் இருந்த போக்குவரத்தைக் குறைத்துவிட்டது. கடைச் சுவர்களில் மாட்டியிருக்கும், ஆறே தெரியாமல் படகுகள் நெருங்கி நிற்கும் படங்கள் பழையவை. இன்னொரு மிதவைச் சந்தையான காய் பே ஏறக்குறைய மறைந்தே போன பிறகும் அதன் பெயரை நிரலில் விடாமல் வைத்திருக்கும் கடைகளும் உண்டு.

இப்படிச் சுருங்கிவிட்ட சந்தையில் எஞ்சியதைப் பார்க்க வேண்டுமானால் ஐந்து, ஐந்தரை மணிக்குப் படகு துறையை விட்டுக் கிளம்ப வேண்டும். எங்களைத் தங்க வைத்த விடுதி துறையிலிருந்து வெகு தொலைவில், நெடுஞ்சாலையை ஒட்டி இருந்தது. காலை உணவு ஏழு மணிக்கு; அதற்கு முன் சமையலறை திறக்காது. பேருந்து ஏழே முக்காலுக்குக் கிளம்பியது. படகில் ஏறும்போது மணி எட்டரை. நாங்கள் போய்ச் சேர்ந்தபோது பெரிய படகுகள் சில மட்டும் நங்கூரமிட்டு நின்றன. ஒன்றில் ஒரு பெண் துணி துவைத்துக் கொடியில் உலர்த்திக்கொண்டிருந்தார். மூங்கில் உச்சியில் ஓர் அன்னாசி மட்டும் தொங்கியது. எங்களைச் சூழ்ந்தவை எல்லாம் பயணிகளுக்குக் காப்பியும் இளநீரும் விற்கும் சிறு படகுகள். இரும்புக் கொக்கியை எங்கள் படகின் விளிம்பில் மாட்டிக்கொண்டு கூடவே வந்தன. அப்பா கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு வழிகாட்டியிடம், "விடியற்காலை என்று சொன்னார்களே?" என்று கேட்டார். நிரலில் "காலையில் காய் ராங் மிதவைச் சந்தை" என்றுதான் இருக்கிறது, நேரம் போடவில்லை என்று அவர் பதில் சொன்னார். போடவில்லைதான். விடியற்காலை என்பது கடைப்பெண் வாயால் சொன்னது. காலையில் பேருந்து ஓட்டுநரையும் சமையல்காரரையும் முன்னதாக எழுப்பினால் கூடுதல் கூலி தர வேண்டும், துறையருகே விடுதி எடுத்தால் வாடகை கூடும். இந்த இரண்டையும் மிச்சப்படுத்தவே நாங்கள் சந்தையை இழந்தோம் என்பது என் முடிவு.

விடுதி விஷயத்திலும் இதே உத்திதான். "ஆற்றங்கரை வீட்டுத் தங்கல், அல்லது அதற்கு இணையானது" என்று நிரலில் இருந்தது. அந்த "இணையானது" என்ற சொல்லுக்குள் எதை வேண்டுமானாலும் வைக்கலாம்: சன்னல் இல்லாத அறை, ஈரம் உலராத படுக்கை விரிப்பு, மின்தூக்கி இல்லாத நான்காம் மாடி. முழங்கால் வலி உள்ள அப்பாவுக்குக் கீழ்த்தளத்தில் அறை கேட்டோம். ஆளுக்கு மூன்று லட்சம் டாங் கூடுதலாகக் கேட்டார்கள்.

மூன்றாம் நாள் கம்போடிய எல்லையை ஒட்டிய சாவ் டொக். அங்கே சாம் மலையடிவாரத்தில் பா சுவா சூ அம்மன் கோயிலைப் பார்த்தோம். அது குறையின்றி நடந்தது. ட்ரா சூ காட்டுக்குப் போனபோது, நிரலில் "ட்ரா சூ" என்று இருந்தது வாசல் வரை மட்டுமே என்றும், நுழைவுச்சீட்டும் படகுகளும் எங்கள் செலவு என்றும் தெரிந்தது. அந்தக் காட்டின் அழகு நீர் ஏறி நிற்கும் செப்டம்பர் முதல் நவம்பர் வரையில்தான் முழுமையாகத் தெரியும்; மார்ச்சில் விற்கும்போதும் பச்சைப் பாசி மூடிய நீர்ப்பரப்பின் படத்தையே காட்டுகிறார்கள்.

நம்மவர்கள் மிகவும் எச்சரிக்கையாக இருக்க வேண்டியது சாவ் டொக்கில் இரவு நடக்கும் விற்பனையில். அங்கிருந்து ஆற்று வழியாக வின் சுவோங் எல்லையைக் கடந்து கம்போடியத் தலைநகர் நோம் பென் செல்லும் விரைவுப் படகில் இடம் இருப்பதாகவும், ஒரு நாள் பார்த்துவிட்டுத் திரும்பிவிடலாம் என்றும் வழிகாட்டி ஒவ்வொரு மேசையாக வந்து சொன்னார். இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களில் பலர் 25 டாலர் கட்டி ஒருமுறை நுழைவதற்கான மின் விசாவில் வந்திருப்பார்கள். அதை வைத்துக்கொண்டு எல்லையைக் கடந்தால் அந்த விசா அத்துடன் முடிந்தது. சைகோனில் திரும்பு விமானம் காத்திருந்தாலும் புதிய விசா இல்லாமல் உள்ளே விடமாட்டார்கள். பலமுறை நுழைவதற்கான மின் விசா 50 டாலர். எங்கள் பேருந்தில் இருந்த பெங்களூருக் குடும்பம் ஒன்று பணத்தை எண்ணிக் கொடுக்கும் நிலையில் இருந்தது. என் கணவர் அவர்களுடைய விசாத் தாளை வாங்கிப் பார்த்து நிறுத்தினார். வழிகாட்டிக்கு இது தெரியாமல் இருக்க வாய்ப்பே இல்லை. கம்போடியச் சுற்றுலா விசாவின் கட்டணம் 30 டாலர். படகில் அதற்கு மேல் கேட்டார்கள் என்றால் மீதி யாருடைய பைக்கோ போகிறது என்று பொருள்.

சைகோன் திரும்பியதும் கடைக்குப் போனோம். முதலில் சொன்ன நிரல் வாசிப்பு அங்கேதான் நடந்தது. சாப்பாட்டுக்கு இயக்குநரைக் கேளுங்கள் என்றார்கள். இயக்குநர் யார் என்று கேட்டால், அது தங்கள் வணிக ரகசியம் என்றார்கள். இது சட்டத்துக்கே புறம்பானது. 2018 ஜனவரி முதல் நடைமுறையில் உள்ள வியட்நாம் சுற்றுலாச் சட்டத்தின்படி, சுற்றுலா நடத்தும் நிறுவனம் உரிமம் பெற்று வங்கியில் வைப்புத்தொகை கட்டியிருக்க வேண்டும். முகவர் மூலம் விற்றாலும் ஒப்பந்தம் பயணிக்கும் அந்த நிறுவனத்துக்கும் இடையில் இருக்க வேண்டும். முகவரின் பெயரும் முகவரியும் அதிலேயே குறிக்கப்பட வேண்டும். வழிகாட்டி பணியில் இருக்கும்போது அடையாள அட்டை அணிந்திருக்க வேண்டும். எங்கள் வழிகாட்டியின் கழுத்தில் அட்டை இல்லை, கேட்டபோதும் காட்டவில்லை.

ஆகவே கடையில் உட்கார்ந்ததும் படத்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு, நடத்துபவரின் பெயரையும் உரிம எண்ணையும் ஒப்பந்தத்தில் எழுதித் தரச் சொல்லுங்கள். வியட்நாம் தேசியச் சுற்றுலா ஆணையத்தின் இணையதளத்தில் அந்த எண்ணைச் சரிபார்க்கலாம். சந்தைக்குப் படகு கிளம்பும் மணி, இரவு தங்கும் விடுதியின் பெயர், எந்தெந்த நுழைவுக்கட்டணம் சேர்த்தி, சைவ உணவு என்றால் மீன் சாறும் முட்டையும் இல்லாதது என்பது வரை தாளில் வர வேண்டும். எழுதித் தரத் தயங்கும் கடையிலிருந்து எழுந்து வந்துவிடுங்கள், பக்கத்திலேயே வேறு கடை இருக்கும். பணத்தை முடிந்தவரை வங்கி அட்டையில் கட்டுங்கள். வங்கியிடம் முறையிட அது ஒன்றே பிடி. சந்தை மட்டுமே நோக்கம் என்றால் தொகுப்பே தேவையில்லை. சைகோனின் மியன் தாய் பேருந்து நிலையத்திலிருந்து கான் தோவுக்கு நாள் முழுவதும் பேருந்துகள் உண்டு, மூன்றரை மணி நேரப் பயணம். நின் கியூ துறையருகே அறை எடுத்தால், முந்தைய மாலையே படகுக்காரரிடம் நேரமும் தொகையும் பேசி வைத்துக்கொள்ளலாம்.

நாங்கள் கேட்டது சைவ உணவுக்கும் சந்தைக்கும் உரிய தொகையை மட்டும். கடைப்பெண் கடைசியில் கூ சி சுரங்கப்பாதைச் சுற்றுலாவுக்குப் பத்து விழுக்காடு தள்ளுபடிச் சீட்டு ஒன்றை நீட்டினார், வாங்கவில்லை. ஊர் திரும்பிய பின் ரசீதின் படத்தையும் நிரலின் படத்தையும் சேர்த்து நகரச் சுற்றுலாத் துறைக்கு மின்னஞ்சல் அனுப்பியிருக்கிறேன். பதில் வந்தால் இந்தப் பதிவின் கீழே சேர்க்கிறேன்.